பச்சரிசிக்குத் தடை, புழுங்கலுக்கு டிக்கெட்

இல்லத்தரசி, குரோம்பேட்டை
கே: உலகத்திலேயே அதிகமாக அரிசி ஏற்றுமதி செய்கிற நாடு இந்தியா என்கிறார்கள். உலகச் சந்தையில் விலை சரிந்துவிட்டது என்றும் சொல்கிறார்கள். எங்கள் அண்ணாச்சி கடைக்கு மட்டும் இந்தச் சேதி வந்து சேரவில்லையா?

ப: வந்திருக்கும். ஆனால் அவர் விற்பது வேறு அரிசி. கப்பலில் போவதில் பெரிய பங்கு மோட்டா ரகப் புழுங்கல். காக்கிநாடாவில் ஏறி, பெனினிலும் ஐவரி கோஸ்ட்டிலும் இறங்குகிறது. நீங்கள் வாங்குவது சன்ன ரகம். அதையும் பழசா, புதுசா, சோறு உதிரியாக வருமா, குழையுமா என்று பத்துக் கேள்வி கேட்டுத்தான் வாங்குவீர்கள். 2024 தொடக்கத்தில் டன் 550 டாலர் வரை போன இந்தியப் புழுங்கல், 2025 கடைசியில் 350 டாலருக்குப் பக்கத்தில் வந்து நின்றது. கிலோவுக்குக் கணக்குப் போட்டால் 31, 32 ரூபாய். அந்த அரிசியை அண்ணாச்சி அதே விலைக்கு வைத்தாலும் நீங்கள் ஒரு பிடி அள்ளிப் பார்த்துவிட்டு, 'ரேஷன் அரிசி மாதிரி இருக்கே' என்று திருப்பிப் போட்டுவிடுவீர்கள்.

தவிர, நம்மூர் நெல்லுக்கு அரசாங்கம் போட்ட தரை ஒன்று இருக்கிறது. பொது ரக நெல்லுக்கு மத்திய அரசின் ஆதார விலை 2023-24இல் குவிண்டாலுக்கு 2183 ரூபாய், 2025-26இல் 2369. உலக விலை சரிந்த அதே காலத்தில் இந்தத் தரை உயர்ந்திருக்கிறது. உயர்ந்தது சரிதான். விவசாயிக்கு டீசல் டாலரில் வருவதில்லை.

கல்லூரி மாணவர், ஈரோடு
கே: அரிசி மூட்டை ஏன் 26 கிலோ ஆனது? 25-க்கு என்ன குறை?

ப: 5 சதவீதம் குறை. 2022 ஜூலை 18 முதல், பெயர் அச்சிட்டுக் கட்டிய 25 கிலோ வரையிலான மூட்டைக்கு ஜி.எஸ்.டி. வந்தது. அடுத்த வாரமே மூட்டைகள் ஒரு கிலோ சதை போட்டுவிட்டன. சட்டம் எழுதியவருக்கு மாதங்கள் பிடித்திருக்கும். பதில் எழுத மில்காரருக்குத் தேவைப்பட்டது ஒரு தராசு.

மென்பொருள் பொறியாளர், நியூ ஜெர்ஸி
கே: 2023 ஜூலையில் இங்கே இந்தியக் கடைகளில் அரிசிக்கு அடிதடி. நானும் பத்து மூட்டை வாங்கினேன். சரியா?

ப: அந்தப் பத்தில் எத்தனை மூட்டையில் வண்டு வந்தது என்று எழுதாமல் விட்டுவிட்டீர்களே! தடை வந்தது பாஸ்மதி அல்லாத பச்சரிசிக்கு. சோனா மசூரிக்காரர்கள் பதறியதில் நியாயம் உண்டு. பொன்னிப் புழுங்கல் சாப்பிடும் தமிழர்கள் ஏன் தள்ளுவண்டியோடு ஓடினார்கள் என்பதுதான் எனக்குப் புரியாத விஷயம். புழுங்கலுக்கு அன்று தடையே இல்லை.

பட்டயக் கணக்காளர், மதுரை
கே: அந்தத் தடையின் கதையைச் சுருக்கமாகச் சொல்லுங்களேன்.

ப: சுருக்கமாகச் சொன்னால் இரண்டு வருஷம். 2022 செப்டம்பரில் குருணைக்குத் தடை, பச்சரிசிக்கு 20 சதவீத ஏற்றுமதி வரி. விலை அப்படியும் அடங்கவில்லை. 2023 ஜூலை 20 அன்று பச்சரிசிக்கு முழுத் தடை. சில்லறை விலை ஓராண்டில் 11.5 சதவீதம் ஏறிவிட்டது என்று அரசு காரணம் சொன்னது. எல் நினோ வருகிறது என்ற பயம் சொன்ன காரணம். அடுத்த ஆண்டு மக்களவைத் தேர்தல் என்பது சொல்லாத காரணம்.

இதில் ரசிக்க வேண்டியது வியாபாரியின் மூளையைத்தான். பச்சரிசி போகக்கூடாது என்றால் என்ன, நெல்லை வேக வைத்தால் புழுங்கல். புழுங்கலுக்குத் தடை இல்லை. உலகமே புழுங்கலுக்குத் திரும்பியது. அரசு ஆகஸ்ட் 25 அன்று புழுங்கலுக்கும் 20 சதவீத வரி போட்டது. அதோடு, பாஸ்மதி என்று பேர் போட்டு வேறு அரிசி போய்விடுமோ என்ற சந்தேகத்தில், டன் 1200 டாலருக்குக் கீழே பாஸ்மதி விற்கக் கூடாது என்றது. அது தாங்காது என்று ஏற்றுமதியாளர்கள் கூச்சல் போட, அக்டோபரில் 950 ஆயிற்று.

தேர்தல் முடிந்தது, மழையும் நன்றாகப் பெய்தது. 2024 செப்டம்பரில் பச்சரிசித் தடை நீங்கியது. அக்டோபருக்குள் புழுங்கல் வரியும் பூஜ்யம். குருணைக்கு மட்டும் 2025 மார்ச் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. உலக அரிசி வியாபாரத்தில் சுமார் 40 சதவீதத்தைக் கையில் வைத்திருந்த நாடு, பிடித்துப் பிடித்து விட்டதில், ஐ.நா.வின் உணவு அமைப்பு வெளியிடும் அரிசி விலைக் குறியீடு 2023 ஆகஸ்டில் 15 ஆண்டு உச்சத்துக்குப் போனது. இந்தியா கதவைத் திறந்ததும் தாய்லாந்து, வியட்நாம் விலையெல்லாம் மடமடவென்று சரிந்தது.

ஓய்வுபெற்ற ஆசிரியர், நாகர்கோவில்
கே: கோதுமைக்கு இல்லாத இந்தப் பதற்றம் அரிசிக்கு மட்டும் ஏன்?

ப: கோதுமையில் விளைவதில் ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு நாடு விட்டு நாடு போகிறது. அரிசியில் பத்தில் ஒன்றுதான். விளைகிற ஊரிலேயே சாப்பிட்டுவிடுகிறார்கள். அதனால் சந்தை என்று இருப்பதே மிச்சம் மீதிதான். அந்த மிச்சத்தில் ஒருவர் கையை இழுத்துக்கொண்டால், வாங்க வந்தவர்கள் எல்லாரும் ஒரே நேரத்தில் ஒரே வாசலில் நிற்கிறார்கள்.

இதற்கு 2008-ஐ விடப் பெரிய பாடம் இல்லை. கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். அந்த வருஷம் உலகத்தில் அரிசிக்குப் பஞ்சமே இல்லை. விளைச்சல் ஒழுங்காகத்தான் இருந்தது. கோதுமை விலை எகிறியது. இந்தியாவுக்குக் கோதுமைக் கையிருப்பில் கவலை. ரேஷனுக்கு அரிசியாவது இருக்கட்டும் என்று 2007 அக்டோபரில் பாஸ்மதி அல்லாத அரிசிக்கு ஏற்றுமதித் தடை. பிறகு குறைந்தபட்ச விலை நிபந்தனை, 2008 ஏப்ரலில் மறுபடி தடை. வியட்நாம் புது ஒப்பந்தங்களை நிறுத்தியது. பிலிப்பைன்ஸ் பயந்துபோய் டெண்டர் மேல் டெண்டர் விட்டு, என்ன விலை சொன்னாலும் வாங்குகிறேன் என்றது. அப்படிச் சொல்கிறவரிடம் யார்தான் குறைத்துச் சொல்வார்கள்? 330 டாலரைச் சுற்றி இருந்த தாய்லாந்து அரிசி, ஆறேழு மாதத்தில் 1000 டாலரைத் தாண்டியது.

இறக்கியது யார் தெரியுமா? ஜப்பான். உலக வர்த்தக ஒப்பந்தத்தின்படி அவர்கள் வருஷா வருஷம் 7 லட்சம் டன்னுக்கு மேல் வெளிநாட்டு அரிசி வாங்கியே ஆகவேண்டும். ஆனால் சொந்த விவசாயிகள் கோபித்துக்கொள்வார்கள் என்று அதில் பெரும்பாலானதைச் சாப்பாட்டுச் சந்தைக்கு விடமாட்டார்கள். வாங்கிக் கிடங்கில் போடுவார்கள், பிறகு மாட்டுத் தீவனத்துக்கும் உதவிக்கும் தள்ளுவார்கள். 2008இல் அப்படிச் சுமார் 15 லட்சம் டன் தூங்கிக்கொண்டிருந்தது. அதில் நிறைய அமெரிக்க அரிசி என்பதால், விற்க வேண்டுமானால் அமெரிக்கா முகம் சுளிக்காமல் இருக்க வேண்டும். மே மாதம் அமெரிக்கா சரி என்றது, பிலிப்பைன்ஸுக்குத் தரத் தயார் என்று ஜப்பானும் சொன்னது. விலை அன்று தொடங்கிச் சரிந்து, வருஷம் முடிவதற்குள் ஏறக்குறைய பாதிக்கு வந்துவிட்டது. விலையை இறக்க ஜப்பான் ஒரு மூட்டையைக்கூடக் கப்பலேற்ற வேண்டியிருக்கவில்லை. பதுக்கியவர்கள் அவிழ்க்க ஆரம்பித்தார்கள், அவ்வளவுதான்.

அரசியல் ஆர்வலர், திருச்சி
கே: அரிசியால் ஆட்சி போன நாடு உண்டா?

ப: தாய்லாந்தை எடுத்துக்கொள்ளுங்கள். 2011 தேர்தலில் யிங்லக் ஷினவத்ரா, ஒரு டன் நெல்லுக்கு 15,000 பாட் தருகிறேன் என்றார். சந்தை விலையைவிட ஏறக்குறைய ஒன்றரை மடங்கு. திட்டம் கேட்க அழகாகத்தான் இருந்தது: உலகத்திலேயே பெரிய ஏற்றுமதியாளர் நாம், எல்லாவற்றையும் வாங்கிக் கிடங்கில் பூட்டுவோம், உலகத்தில் தட்டுப்பாடு வரும், விலை ஏறும், அப்போது விற்று லாபம் பார்ப்போம். நம்மூரில் மிளகாய் வற்றலில் பலர் முயன்று பார்த்த வித்தைதான்.

அவர் பூட்டத் தொடங்கியது 2011 அக்டோபர். இந்தியா நாலு வருஷத் தடையை நீக்கியது 2011 செப்டம்பர். ஒரு மாத இடைவெளி. இந்திய அரிசி கப்பல் கப்பலாகப் போனது, விலை ஏறவே இல்லை. 2012இல் தாய்லாந்து முதலிடத்திலிருந்து மூன்றாம் இடத்துக்கு இறங்கியது. முதல் இடத்துக்கு வந்த இந்தியா அதை இன்னும் விடவில்லை. தாய்லாந்துக் கிடங்குகளில் ஒரு கோடி டன்னுக்கு மேல் அரிசி தேங்கியது, விவசாயிகளுக்குப் பணப் பட்டுவாடா நின்றது. 2014 மே மாதம் ஓர் அதிகாரியின் இடமாற்ற வழக்கில் நீதிமன்றம் யிங்லக்கைப் பதவி நீக்கியது, அடுத்து ராணுவம் வந்தது. ஆகவே அரிசி மட்டுமே காரணம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அரிசி வழக்கில் தீர்ப்புச் சொல்ல இருந்த நாளில், 2017 ஆகஸ்டில், அவர் நாட்டிலேயே இல்லை. அவர் இல்லாமலேயே ஐந்தாண்டு சிறை என்று தீர்ப்பானது. 2025 மே மாதம் இன்னொரு நீதிமன்றம் 1000 கோடி பாட் கட்டச் சொன்னது.

இதில் எனக்குப் பிடித்த கட்டம் 2024 மே. சூரின் மாகாணக் கிடங்கில் பத்து வருஷமாகக் கிடந்த அந்தத் திட்டத்து அரிசியைப் பலமுறை கழுவிச் சமைத்து, கேமரா முன்னால் வர்த்தக அமைச்சரே சாப்பிட்டுக் காட்டினார். விற்க வேண்டுமே! பழைய அரிசிதான் சோறு நன்றாக இருக்கும் என்று நம் பாட்டிகள் சொன்னபோது இத்தனை பழசை நினைத்திருக்க மாட்டார்கள்.

வங்கி ஊழியர், விருதுநகர்
கே: பஞ்சாப்காரர்கள் ரொட்டி சாப்பிடுகிறவர்கள். அவர்களுக்கு எதற்கு இவ்வளவு நெல்?

ப: நமக்காக. நெல் எவ்வளவு விளைந்தாலும் அரசு ஆதார விலைக்கு வாங்கிக்கொள்கிறது, மோட்டாருக்கு மின்சாரம் இலவசம். இந்த இரண்டும் இருக்கிற இடத்தில் வேறெதையும் பயிர் செய்கிறவர் அசடாகத்தான் இருக்க வேண்டும். மத்தியத் தொகுப்புக்கு வருஷம் ஒரு கோடி டன்னுக்கு மேல் அரிசி பஞ்சாபிலிருந்து போகிறது. நிலத்தடி நீர் பாதாளத்துக்குப் போனதும், ஜூன் 10-க்கு முன் நாற்று நடக்கூடாது என்று 2009இல் சட்டம் போட்டார்கள். நடவு தள்ளிப்போனதால் அறுவடையும் தள்ளிப்போனது. அடுத்த கோதுமைக்கு அவகாசம் இல்லாததால் தாளை வயலிலேயே கொளுத்துகிறார்கள். நவம்பரில் டெல்லி இருமுகிறது. ஏற்றுமதியாவது வெறும் அரிசி இல்லை, தண்ணீரும் மானியமும் சேர்த்துத்தான். வாங்குகிற நாட்டுக்கு இதைவிடச் சல்லிசாக எங்கே கிடைக்கும்?

வாசகர், காட்பாடி
கே: நடிகர் பவன் கல்யாண் கப்பலைப் பிடித்தாரே, அந்தக் கதை?

ப: 2024 நவம்பரில் ஆந்திரத் துணை முதல்வராகக் காக்கிநாடா துறைமுகத்துக்குப் போனார். ரேஷன் அரிசி கப்பலில் கடத்தப்படுகிறது என்ற புகாரின் பேரில் படகில் ஏறி, நடுக்கடலில் நின்ற கப்பலைக் காட்டி, 'சீஸ் தி ஷிப்' என்றார். படத்தில் என்றால் அடுத்த காட்சியில் கப்பல் பிடிபட்டிருக்கும். நிஜத்தில் அவர் கப்பலில் ஏறுவதற்கே அதிகாரிகள் ஆயிரம் காரணம் சொன்னார்கள். சூட்சுமம் எளிது: கார்டுதாரர் வேண்டாம் என்று சொற்ப விலைக்குத் தள்ளிவிடும் அரிசி, தரகர் கை மாறி, மில்லில் இன்னொரு பாலிஷ் வாங்கி, ஏற்றுமதி ரகமாகிவிடுகிறது. நம்மூரில் அது லாரியிலும் ரயிலிலும் போய்க்கொண்டிருக்கிறது. கடல் பார்க்கிற யோகம் காக்கிநாடா அரிசிக்குத்தான்.

இல்லத்தரசி, சேலம்
கே: இந்திய அரிசி அமெரிக்காவில் வந்து குவிகிறது என்று டிரம்ப் கோபப்பட்டாரே?

ப: 2025 டிசம்பரில். 2024-25இல் நாம் ஏற்றுமதி செய்தது சுமார் 2 கோடி டன். அமெரிக்கா வாங்கியது 3 லட்சத்துச் சொச்சம், அதிலும் பெரும்பாலும் பாஸ்மதி. நூறு மூட்டையில் இரண்டு மூட்டைகூடத் தேறாது. அதற்கும் அவரே ஆகஸ்டில் 50 சதவீத வரி போட்டிருந்தார். கூட்டத்திலேயே பக்கத்திலிருந்த நிதியமைச்சரிடம், அரிசிக்கு ஏதாவது விலக்கு இருக்கிறதா என்று கேட்டுக்கொண்டார். போட்ட வரி போட்டவருக்கே ஞாபகமில்லை.

பிரியாணி மாஸ்டர், ஆம்பூர்
கே: பாஸ்மதிக்கு மட்டும் தடையே வருவதில்லை. பணக்கார அரிசி என்பதாலா?

ப: ஏழை ஓட்டுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்பதால். ரேஷனில் வராது, ஆதார விலையும் கிடையாது. எடையில் ஏற்றுமதியின் பத்தில் மூன்று பங்கு, பணத்தில் ஏறக்குறைய பாதி. சவூதி, இராக், ஈரான் என்று வளைகுடாப் பக்கம்தான் போகிறது. ஈரான்காரர்கள் பிரியமாக வாங்குவார்கள், ஆனால் சொந்த அறுவடை நேரத்தில் இறக்குமதியை நிறுத்துவார்கள், அமெரிக்கத் தடை இறுகினால் பணமும் நின்றுவிடும். கர்னால் வியாபாரிகளுக்கு உலக அரசியல் அத்துப்படி. உங்களுக்கென்ன, சீரகச் சம்பா ஊரில் உட்கார்ந்துகொண்டு!

அரசு ஊழியர், ஓசூர்
கே: கிடங்கில் அரிசி வழிகிறதாம். காருக்குப் போடுகிறார்களாம். உண்மையா?

ப: உண்மை. 2025 ஜூன் தொடக்கத்தில் அரசுக் கையிருப்பு, அரைக்காத நெல்லையும் சேர்த்து, 6 கோடி டன்னுக்குக் கொஞ்சம் கீழே. ஜூலையில் இருந்தாக வேண்டியது என்று விதி சொல்வது 1.35 கோடி. எனவே 52 லட்சம் டன் எத்தனால் ஆலைகளுக்கு, கிலோ 22 ரூபாய் 50 காசுக்கு. அரசுக்கு அந்த அரிசி வாங்கி, அரைத்து, வைத்துக் காக்க ஆகும் செலவு கிலோவுக்கு சுமார் 40 ரூபாய்.

நீங்கள் ஓசூர்க்காரர் என்பதால் பக்கத்து வீட்டுக் கதையும் சொல்ல வேண்டும். 2023 ஜூனில் கர்நாடகத்தின் புது அரசு, அன்னபாக்யா திட்டத்துக்குக் கிலோ 34 ரூபாய் தருகிறோம், அரிசி கொடுங்கள் என்று கேட்டது. மாநிலங்களுக்கு விற்பதை நிறுத்திவிட்டோம் என்றது மத்திய அரசு. கர்நாடகம் வேறு வழியில்லாமல் அரிசிக்குப் பதில் கிலோவுக்கு 34 ரூபாய் வீதம் மக்கள் கணக்கில் போட்டது. அடுத்த பிப்ரவரியில் 'பாரத் அரிசி' என்று 29 ரூபாய்க்கு மத்திய அரசே வண்டியில் வைத்து விற்றது. 2025இல் கிடங்கு வழிந்ததும் அதே கர்நாடகத்துக்கு 22.50-க்கே கிடைத்தது. தட்டுப்பாடு அரிசியில் இருந்ததா, மனதில் இருந்ததா என்று உங்கள் எல்லையில் நின்றே யோசிக்கலாம்.

விவசாயி, மன்னார்குடி
கே: உலக விலை ஏறினாலும் இறங்கினாலும் எனக்கு என்ன?

ப: ஏறினால் ஒன்றுமில்லை, இறங்கினாலும் அதிகமில்லை. நீங்கள் எதிர்பார்ப்பது கொள்முதல் நிலைய விலைதான்: 2025-26இல் மாநில ஊக்கத்தொகையும் சேர்த்து சன்ன ரகத்துக்கு 2545, பொது ரகத்துக்கு 2500. இது காப்புதான், மறுக்க முடியாது. என் சண்டை வேறு இடத்தில். 2023இல் உலகம் அதிக விலை தரத் தயாராக நின்றபோது, நாட்டு நலன் கருதி வாசலைப் பூட்டினார்கள். நகரத்துச் சோறு மலிவாக இருப்பதற்கான செலவை, கேட்காமலே உங்கள் கணக்கில் எழுதினார்கள். விலை விழுந்த 2025இல் அந்தப் பாக்கியைத் திருப்பித் தர யாரும் வரவில்லை. உங்களுக்கு உலகச் சந்தையைவிடப் பெரிய எதிரி ஐப்பசி மழையும் 17 சதவீத ஈரப்பத விதியும். சாலையில் நெல்லைக் கொட்டிக் கிளறிக்கொண்டு, சாக்கு வருமா, லாரி வருமா என்று நிற்கிறவரிடம் சிகாகோ விலை பேச எனக்கு வெட்கமாக இருக்கிறது.

மூத்த குடிமகன், காஞ்சிபுரம்
கே: 'ரூபாய்க்கு மூன்று படி லட்சியம், ஒரு படி நிச்சயம்' கேட்டு ஓட்டுப் போட்டவன் நான். இந்த மாதிரி வாக்குறுதி வேறெங்கும் உண்டா?

ப: பிலிப்பைன்ஸில் மார்கோஸ் 2022இல் 'கிலோ 20 பெசோ' என்று சொல்லி ஜெயித்தார். வெளிச்சந்தையில் அதைப்போல இரண்டு மடங்கு. 2025 மே முதல் தேதி செபுவில், நலிந்த பிரிவினருக்கு மட்டும் என்று தொடங்கினார். 1967இல் நம் ஒரு படியும் சென்னை, கோவையோடு நின்றதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். ஒரு வித்தியாசம்: மலிவு அரிசி தந்த அதே ஆண்டில், சொந்த விவசாயி நெல் விலை விழுகிறது என்று அழ, செப்டம்பரிலிருந்து அரிசி இறக்குமதியையே நிறுத்தினார். சாப்பிடுகிறவருக்கு விலை குறைய வேண்டும், விளைவிக்கிறவருக்கு ஏற வேண்டும். இரண்டையும் ஒரே மேடையில் சொல்லாதவர் இன்னும் தேர்தலில் நிற்கவில்லை.

மண்டி வியாபாரி, செங்குன்றம்
கே: அடுத்த ஏற்றுமதித் தடை எப்போது வரும் என்று முன்கூட்டியே அறிய வழி இருக்கிறதா?

ப: கோதுமையைப் பார்த்துக் கற்றுக்கொள்ளுங்கள். 2022 மே 12 அன்று, கோதுமைக்குச் சந்தை பிடிக்க மொராக்கோ, துருக்கி, இந்தோனேசியா உட்பட ஒன்பது நாடுகளுக்குத் தூதுக்குழு அனுப்பப்போவதாக டெல்லி அறிவித்தது. மறுநாள், மே 13, கோதுமை ஏற்றுமதிக்குத் தடை. அரிசிக்கு அப்படி ஒரு தூதுக்குழு பெட்டி கட்டுகிறது என்று செய்தி வந்தால், அன்று ராத்திரியே லாரிகளைத் துறைமுகத்துக்குத் திருப்பிவிடுங்கள்.